துப்பாக்கியைப் பிடித்த கைகள்

போர்களின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் மன்னர்களின் பெயர்களையும் தளபதிகளின் வியூகங்களையுமே முன்வைக்கின்றனர். அவர்களை விட்டால், பீரங்கிகளையும் போர்க்கப்பல்களையும் கணக்கெடுப்பவர்கள் வருகின்றனர். இவ்விரு சாராருக்கும் இடையே, கால்நடையாகச் சென்று, கையில் ஏந்திய கருவியோடு போரிட்டு, பெயர் தெரியாமல் மண்ணில் சாய்ந்த காலாட்படைச் சிப்பாய் மறைந்து போகிறான். அவன் தோளில் தொங்கியது எது? இடுப்பில் செருகியிருந்தது எது? அதை அவனிடம் கொடுத்தவர் யார்? யார்மீது பயன்படுத்தும்படி கொடுத்தார்? இந்த வினாக்களை எழுப்பினால், ஒரு காலத்தின் அரசியல் முழுவதுமே நம் கண்முன் விரிந்துவிடும்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் காலாட்படையினர் ஏந்திய கைக்கருவிகளின் கதையை அந்த நோக்கில் இங்கே பார்க்க முயல்வோம். இது நமக்குத் தொடர்பற்ற கதை அன்று. அந்தக் கருவிகளை ஏந்தியவர்களில் பஞ்சாபி முஸ்லிம்களும் பட்டாணியரும் துருக்கியரும் இருந்தனர். அவற்றின் முன் வீழ்ந்தவர்களிலும் அவர்கள் இருந்தனர். அந்தத் துப்பாக்கிகளுக்கு உரிய வெடிமருந்தைச் செய்த ஆலைகளுள் ஒன்று நம் நீலகிரி மலையில், குன்னூருக்கு அருகிலுள்ள அரவங்காட்டில், அந்நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில்தான் நிறுவப்பட்டது.

புகை மறைந்த காலம்

நெடுங்காலம் துப்பாக்கிக்கு உயிராக இருந்தது கருமருந்து. அது வெடித்தால் வெண்புகை எழும். சுட்டவன் எங்கே நிற்கிறான் என்பதைப் புகையே காட்டிக் கொடுக்கும். ஒரு படை முழுவதும் சுட்டால் போர்க்களமே புகையில் மூழ்கும். 1884-ஆம் ஆண்டில் போல் வியே என்ற பிரெஞ்சு வேதியியலார் புகையற்ற மருந்தைக் கண்டார். இரண்டே ஆண்டுகளில், 1886-இல், பிரெஞ்சுப் படை 'லெபல்' என்னும் ரைபிளை ஏற்றது. புகையற்ற மருந்தைக் கொண்டு சுடும் முதல் படைத் துப்பாக்கி அதுதான். புதிய மருந்தின் வேகம் பெரிது. ஆகவே குழலின் துளை சிறிதாயிற்று, குண்டும் சிறிதாயிற்று, அது செல்லும் தொலைவோ பன்மடங்கு பெருகிற்று.

பிரான்சு முந்திக் கொண்டதும் ஏனைய வல்லரசுகள் விழித்துக் கொண்டன. ரஷ்யா 1891-இல் 'மோசின்' துப்பாக்கியை ஏற்றது. ஜெர்மனி 1898-இல் மௌசர் துப்பாக்கியின் புகழ்பெற்ற வடிவத்தைக் கைக்கொண்டது. பிரிட்டன் 1888-இல் 'லீ-மெட்போர்டு' என்ற ரைபிளையும், 1895-இல் அதன் குழலை மாற்றியமைத்து 'லீ-என்பீல்டு' ரைபிளையும் தன் படைக்கு வழங்கிற்று. என்பீல்டு என்பது இலண்டனுக்கு வடக்கே உள்ள ஓர் ஊர்; அங்கே அரசின் துப்பாக்கித் தொழிற்சாலை இருந்தது. 1857-இல் பசுக்கொழுப்பும் பன்றிக்கொழுப்பும் தடவிய தோட்டாவைப் பற்றிய செய்தி பரவி நம் நாட்டையே கொந்தளிக்கச் செய்ததே, அந்தத் துப்பாக்கிக்கும் அதே ஊரின் பெயர்தான்.

1907-இல் வெளிவந்த லீ-என்பீல்டின் மூன்றாம் வடிவமே முதல் உலகப் போரில் பிரிட்டிஷ் பேரரசின் படைகள் பெரும்பாலும் ஏந்திய கருவியாகும். ஏறத்தாழ 113 சென்டிமீட்டர் நீளம். நான்கு கிலோ எடை. பக்கத்தில் உள்ள தாழ்ப்பாள் போன்ற பிடியை மேலே தூக்கிப் பின்னுக்கு இழுத்தால் வெற்றுத் தோட்டா வெளியே விழும். முன்னுக்குத் தள்ளிக் கீழே மடக்கினால் அடுத்த தோட்டா குழலுக்குள் அமரும். மௌசரின் கூட்டில் ஐந்து தோட்டாக்கள், என்பீல்டில் பத்து. நன்கு பயின்ற சிப்பாய் 300 கஜத் தொலைவிலுள்ள இலக்கை நோக்கி ஒரு நிமிடத்தில் பதினைந்து முறை குறிபார்த்துச் சுட வேண்டுமென்பது பிரிட்டிஷ் படையின் பயிற்சி விதி.

உதுமானியத் துருக்கியர் இந்தப் போட்டியில் உறங்கிக் கிடக்கவில்லை. 1877-இல் பிளெவ்னா நகரைக் காத்து நின்ற காஜி உஸ்மான் பாஷாவின் வீரர்கள், அமெரிக்காவிலிருந்து வரவழைத்த துப்பாக்கிகளைக் கொண்டு ரஷ்யப் படைக்குப் பேரிழப்பை உண்டாக்கினர். தொலைவில் எதிரியைச் சுட ஒரு துப்பாக்கி, அவன் நெருங்கி வந்ததும் விரைந்து சுட வேறொரு துப்பாக்கி என இருவகைக் கருவிகளை அவர்கள் கையாண்ட விதம் ஐரோப்பியப் படை வல்லுநர்களைத் திகைக்க வைத்தது. பின்னர் 1887-இல் ஐந்து இலட்சம் ரைபிள்களுக்கு ஜெர்மனியின் மௌசர் நிறுவனத்துடன் உதுமானிய அரசு ஒப்பந்தம் செய்தது. இதைவிடச் சிறந்த மௌசர் வேறு எந்த நாட்டுக்கேனும் செய்து கொடுக்கப்பட்டால், எஞ்சியவற்றை அதே மேம்பாட்டுடன் தங்களுக்கும் தரவேண்டும் என்ற நிபந்தனையையும் அந்த ஒப்பந்தத்தில் சேர்த்தனர்; பின்பு அந்த உரிமையைப் பயன்படுத்தவும் செய்தனர். எச்சரிக்கை மிகுந்த ஒப்பந்தம்தான். ஆயினும், தன் சிப்பாயின் துப்பாக்கிக்கு அயலானின் ஆலையை நம்பியிருந்த அரசு, நாளடைவில் தன் அரசியலுக்கும் அவனையே நம்ப நேர்ந்ததை நாம் மறந்துவிடலாகாது.

தம்டம் தோட்டா

புதிய ரைபிள்களின் சிறிய குண்டு பிரிட்டிஷ் அதிகாரிகளுக்கு ஒரு மனக்குறையை உண்டாக்கிற்று. ஈயத்தாலான அந்தக் குண்டுக்குக் கடினமான உலோக உறை முழுவதுமாக இடப்பட்டிருந்தது. அது உடலில் ஒருபுறம் நுழைந்து மறுபுறம் நேராக வெளியேறிவிடும். 1895-இல் சித்ராலுக்குச் சென்ற படையினர், வடமேற்கு எல்லைப்புறத்து மலைவாசிகள் குண்டு பட்ட பின்னும் முன்னேறி வருகின்றனர் என்று முறையிட்டனர். இதற்குத் தீர்வு கல்கத்தாவுக்கு அருகிலுள்ள தம்டம் என்ற ஊரின் படைக்கல ஆலையில் பிறந்தது. அதன் பொறுப்பிலிருந்த காப்டன் பெர்ட்டி-கிளே, குண்டின் நுனியில் உறையை நீக்கி, ஈயத்தை வெளியே தெரியவிட்டார். உடலில் பட்டதும் அந்த ஈயம் பூப்போல் விரியும். தசையையும் எலும்பையும் சிதைக்கும். ஊரின் பெயரே குண்டின் பெயராகி உலகெங்கும் பரவிற்று.

1897-98-இல் திராஹ் பள்ளத்தாக்கில் அஃப்ரீதிகளை எதிர்த்து நடந்த படையெடுப்பில் இந்தக் குண்டு பயன்பட்டது. அதே வகையைச் சேர்ந்த, முனை குழிந்த குண்டுகள் 1898 செப்டம்பர் 2-இல் சூடானின் உம்துர்மான் களத்தில் மஹ்தியின் வழிவந்தவர்கள்மீது பாய்ந்தன. அந்த ஒரே நாள் காலையில் சூடானியர் பத்தாயிரம் பேர் அளவில் மாண்டனர். எதிர்த்தரப்பில் இறந்தவர் ஐம்பதுக்கும் குறைவு. பீரங்கியும் மாக்சிம் இயந்திரத் துப்பாக்கியும் ரைபிளும் சேர்ந்து செய்த வேலை அது.

மறு ஆண்டே, 1899-இல், ஹேக் நகரில் அமைதி மாநாடு கூடிற்று. உடலுக்குள் விரியும் குண்டுகளைப் போரில் பயன்படுத்தலாகாது என்ற பிரகடனம் அங்கே முன்வைக்கப்பட்டது. பெரும்பாலான நாடுகள் ஒப்பின. பிரிட்டனும் அமெரிக்காவும் ஒப்பவில்லை. பிரிட்டிஷ் தரப்பின் படைத்துறை நிபுணரான சர் ஜான் ஆர்டா அங்கு எடுத்துரைத்த வாதத்தின் சாரம் இதுதான்: நாகரிகம் பெற்ற நாட்டுச் சிப்பாய், தான் காயமுற்றதை உணர்ந்ததும் ஒதுங்கிவிடுவான், நாகரிகமற்றவனோ எத்தனை குண்டு பட்டாலும் பாய்ந்து வருவான், ஆகவே அவனுக்கு இத்தகைய குண்டு வேண்டும்.

இந்த வாதத்தைச் சற்று நிதானமாக எண்ணிப் பார்க்க வேண்டும். தன் மண்ணைக் காக்க, காயத்தோடும் முன்னேறி வருபவனை எந்த நாட்டுப் பரணியும் வீரன் என்றே பாடும். ஐரோப்பியன் அப்படிச் செய்தால் பதக்கம். அஃப்ரீதியும் சூடானியும் செய்தால் அது காட்டுமிராண்டித்தனம்! பிரகடனத்திலேயே இன்னொரு வாசலும் திறந்திருந்தது. கையொப்பமிட்ட நாடுகள் தமக்குள் போரிடும்போது மட்டுமே அது கட்டுப்படுத்தும். மாநாட்டு மேசையில் இடம்பெறாத மக்களுக்கு அந்தக் கருணை எட்டாது. பிரிட்டன் 1907-இல்தான் அந்தப் பிரகடனத்தை ஏற்றது. 1910-இல் அது கைக்கொண்ட கூர்முனைக் குண்டு முழு உறை கொண்டதாகவே இருந்தது. ஆனால் உள்ளே நுனிப்பகுதியில் ஈயத்துக்குப் பதில் அலுமினியம் போன்ற இலேசான பொருள் வைக்கப்பட்டது. பின்புறம் கனத்த குண்டு, உடலுக்குள் சென்றதும் நிலை தடுமாறிப் புரளும். சட்டத்தின் சொல் காக்கப்பட்டது. அதன் நோக்கம் என்னவாயிற்று என்பதை வாசகர்களே தீர்மானிக்கலாம்.

ஒரு தலைமுறை பின்னால்

குண்டைப் பெறுபவனிடம் காட்டிய வேற்றுமை, துப்பாக்கியை ஏந்துபவனிடமும் காட்டப்பட்டது. 1857-இன் அச்சம் ஆட்சியாளர் நெஞ்சை விட்டு அகலவே இல்லை. இந்தியச் சிப்பாய்க்கு எப்போதும் ஆங்கிலச் சிப்பாயின் கருவியைவிட ஒரு தலைமுறை பழைய கருவியே தரப்பட வேண்டும் என்பது அவர்களின் நடைமுறையாயிற்று. ஆங்கிலேயன் 'மார்ட்டினி-ஹென்றி' துப்பாக்கியை ஏந்தியபோது இந்தியன் கையில் பழைய 'ஸ்னைடர்' இருந்தது. ஆங்கிலேயனுக்கு லீ-மெட்போர்டு வந்த பிறகே மார்ட்டினி இந்தியனுக்குக் கிடைத்தது. திராஹ் போரில் ஆங்கிலச் சிப்பாய் கூட்டுத் தோட்டாக்களைக் கொண்டு புகையின்றிச் சுட்டான். அவனுக்குப் பக்கத்தில் நின்ற சீக்கியனும் கூர்க்காவும் முஸ்லிமும் ஒவ்வொரு தோட்டாவாக இட்டுச் சுட்டனர். பொதுமக்களையோ, 1878-ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டம் உரிமம் இல்லாமல் எந்தப் படைக்கலமும் வைத்திருக்க விடவில்லை.

எல்லைப்புறத்து மக்கள் இதற்குத் தம் கைத்திறனால் மறுமொழி கூறினர். பெஷாவருக்குத் தெற்கே தர்ரா ஆதம் கேல் என்ற ஊரில் கொல்லர்கள், கைப்பற்றிய துப்பாக்கியை முன்னே வைத்துக் கொண்டு, உலைக்களத்தில் இரும்பைக் காய்ச்சி, அரத்தால் அராவி, மார்ட்டினியையும் என்பீல்டையும் அப்படியே படியெடுத்தனர். என்பீல்டு ஆலையின் முத்திரையைக்கூட அவர்கள் பொறித்தனர். எழுத்துகள் மட்டும் சில வேளைகளில் தலைகீழாக அமைந்துவிடும். நீராவியும் கடைசல் எந்திரமும் கொண்ட பேராலையின் பொருளை, மண்சுவர்க் கொட்டகையில் அமர்ந்து செய்து முடித்த அந்தத் தொழிலாளரின் திறமை வியப்புக்குரியது. அதே திறமை கலப்பைக்கும் நீரேற்றும் பொறிக்கும் சென்றிருந்தால் என்ற ஏக்கமும் உடன் எழாமல் இல்லை.

ஜாம் டின்னும் மாதுளையும்

1914-இல் ஐரோப்பாவில் பெரும்போர் மூண்டது. வேற்றுமை பாராட்டியவர்களுக்கு இப்போது ஆட்கள் தேவைப்பட்டனர். செப்டம்பர் இறுதியில் இந்தியப் படைகள் பிரான்சின் மார்செய் துறைமுகத்தில் வந்திறங்கின. அங்கேதான் அவர்களின் பழைய ரைபிள்கள் வாங்கிக் கொள்ளப்பட்டு, புதிய தோட்டாவுக்கு ஏற்ற புதிய என்பீல்டு ரைபிள்கள் கொடுக்கப்பட்டன. பழகாத கருவியுடன், பழகாத குளிரில், அவர்கள் சில வாரங்களிலேயே போர்முனைக்கு அனுப்பப்பட்டனர்.

அக்டோபர் 31 அன்று பெல்ஜியத்தின் ஹோலெபேக் என்னும் இடத்தில், 129-ஆம் பலூச்சிப் படைப்பிரிவைச் சேர்ந்த சிப்பாய் குதாதாத் கான் இயந்திரத் துப்பாக்கிக் குழுவொன்றில் இருந்தார். குழுவின் மற்றவர் அனைவரும் மாண்டனர். காயமுற்ற அவர் ஒருவரே துப்பாக்கியை இயக்கிக் கொண்டிருந்தார். இறந்துவிட்டார் என்று எண்ணிப் பகைவர் விட்டுச் சென்றபின், இரவில் ஊர்ந்து தம் படையை அடைந்தார். விக்டோரியா சிலுவை என்ற மிக உயர்ந்த வீரப் பதக்கத்தைப் பெற்ற முதல் இந்தியச் சிப்பாய் அவரே. இந்தியச் சிப்பாய்கள் அந்தப் பதக்கத்துக்குத் தகுதியுடையவர் என்று அறிவிக்கப்பட்டதே 1911-இல்தான் என்பதையும் இங்கே குறிப்பிட வேண்டும்.

குளிர்காலம் வருவதற்குள் இருதரப்பும் மண்ணைத் தோண்டிப் பதுங்குகுழிகளில் புகுந்து கொண்டன. 300 கஜத்துக்கு அப்பால் குறிபார்க்கப் பயின்றவனுக்கு இப்போது தலையை உயர்த்தினாலே சாவு. எதிரியோ சில இடங்களில் கல்லெறியும் தொலைவில் இருந்தான். நிமிர்ந்து சுட முடியாதபோது வளைத்து எறியத்தானே வேண்டும்? நூற்றாண்டுகளுக்கு முன் வழக்கொழிந்த கைக்குண்டு இப்படித்தான் மீண்டும் உயிர்பெற்றது. உள்ளே மணிமணியாகப் பொதிந்திருந்ததால் மாதுளங்கனியின் பெயரையே ஐரோப்பியர் அதற்கு முற்காலத்தில் சூட்டியிருந்தனர். 1904-05-இல் ஆர்தர் துறைமுக முற்றுகையில் ரஷ்யரும் ஜப்பானியரும் அதை மறுபடியும் கையாண்டிருந்தனர். ஆயினும் பிரிட்டிஷ் படை அந்தப் பாடத்தை அரைகுறையாகவே படித்திருந்தது. 1908-இல் அது ஏற்ற கைக்குண்டுக்கு ஒன்றேகால் அடிக்கும் மேலான நீண்ட கைப்பிடி; நேராகப் பறப்பதற்காகத் துணிவால். எதிலாவது முட்டினால் வெடிக்கும். குறுகிய குழிக்குள் நின்று எறிவதற்காகக் கையைப் பின்னுக்கு வீசும்போதே அது பின்சுவரில் மோதி, எறிபவனையே கொன்றுவிடும்!

ஆகவே இந்தியப் படையின் சாப்பர்கள், அதாவது பொறியியல் படையினர், கிடைத்ததைக் கொண்டு தாமே குண்டு செய்தனர். பழக்கூழாகிய ஜாம் வந்த வெற்று டின்களில் வெடிமருந்தை நிறைத்து, ஆணியும் இரும்புத் துண்டுகளும் இட்டு, ஒரு திரியைச் செருகினார்கள். திரியைப் பற்றவைத்து எறிய வேண்டும். மழையில் தீக்குச்சி நமுத்துவிட்டால் எறிய வழியில்லை. திரி விரைந்து எரிந்துவிட்டால் எறிபவனுக்குக் கையில்லை. உலகின் மிகப் பெரிய பேரரசு, தன் சிப்பாய்க்கு அந்தக் குளிர்காலத்தில் கொடுத்திருந்த கைக்குண்டு இதுதான்.

நம் பக்கத்தவர் ஆக்கிய கருவியொன்றும் இந்தக் களத்தில் பயன்பட்டது. 1912-இல் பெங்களூரில், மதராஸ் சாப்பர்ஸ் படையின் காப்டன் மக்ளின்டாக், குழாய்களில் வெடிமருந்தை அடைத்து ஒன்றோடொன்று இணைத்து முள்கம்பி வேலிக்கு அடியில் தள்ளி வெடிக்கச் செய்யும் முறையை அமைத்தார். 'பெங்களூர் டார்பிடோ' என்பது அதன் பெயர். தமிழரும் ஏனைய தென்னாட்டவரும் நிறைந்த, 'தம்பி' என்று செல்லமாக அழைக்கப்பெற்ற படை அது. அந்தக் கருவி 1944-இல் நார்மண்டிக் கடற்கரையில்கூட வேலிகளைத் தகர்த்தது.

1915-இல் வில்லியம் மில்ஸ் என்ற ஆங்கிலேயத் தொழிலதிபர் கைக்குண்டின் குறைகளைப் போக்கினார். அதற்கு முன் அவர் அலுமினியத்தில் கோல்ஃப் மட்டைகள் செய்து விற்றவர். வரிவரியாக வெட்டிய வார்ப்பிரும்பு உருண்டை; பக்கத்தில் ஒரு நெம்பி; அதைத் தடுத்து நிறுத்த ஓர் ஊசி. ஊசியை உருவி, நெம்பியை உள்ளங்கையோடு அழுத்திப் பிடித்திருக்கும்வரை ஆபத்தில்லை. எறிந்ததும் நெம்பி விடுபடும். உள்ளிருக்கும் திரி ஐந்து விநாடி எரிந்து குண்டு வெடிக்கும். போர் முடிவதற்குள் ஏழு கோடிக்கும் மேற்பட்ட மில்ஸ் குண்டுகள் செய்யப்பட்டன. விளையாட்டுக்கு மட்டை செய்த ஆலை இப்படி மாறியதில் வியப்பில்லை. போர் எந்தக் கையையும் தன் வேலைக்குத் திருப்பிக் கொள்ளும்.

அருகே வந்த மரணம்

ரைபிளின் முனையில் செருகும் கத்தியாகிய பயனெட்டைப் பற்றி அக்காலத் தளபதிகள் பெரிதும் நம்பிக்கை வைத்திருந்தனர். ஜப்பானியரின் கத்தியைப் பார்த்து 1907-இல் பிரிட்டன் அமைத்த பயனெட்டின் அலகு மட்டும் 17 அங்குலம். ஆயினும் காயமுற்றோர் கணக்கை ஆராய்ந்தபோது, பயனெட்டால் காயமுற்றவர் நூற்றுக்கு ஒருவருக்கும் குறைவு என்றே தெரிந்தது. பாதிக்கும் மேற்பட்ட காயங்கள் கண்ணுக்குத் தெரியாத தொலைவிலிருந்த பீரங்கிகளால் நேர்ந்தவை. பயனெட் உடலைவிட மனத்தையே அதிகம் குத்திற்று எனலாம்.

இதற்கு கல்லிபோலியே சான்று. 1915 ஏப்ரல் 25 அன்று கொங்க்பயிர் மேட்டில் தோட்டா தீர்ந்து பின்வாங்கிய தம் வீரர்களை முஸ்தபா கமால் எதிர்கொண்டார். தோட்டா இல்லையேல் பயனெட் உண்டல்லவா என்று கூறி, அவற்றைச் செருகித் தரையில் படுக்கச் செய்தார். அதைக் கண்ட எதிரிகளும் படுத்துவிட்டனர். அந்தச் சில நிமிடங்களில் பின்னே வந்த படை மேட்டை அடைந்துவிட்டது. ஒரு கத்தியும் குத்தாமலே ஒரு மலை காக்கப்பட்டது.

அதே கல்லிபோலியில் ஆஸ்திரேலியரும் துருக்கியரும் சில கஜ இடைவெளியில் எதிரெதிரே குழிகளில் கிடந்து, ஒருவர் எறிந்த குண்டை வெடிக்குமுன் மற்றவர் எடுத்துத் திருப்பி எறிந்தனர். டிசம்பரில் அவர்கள் இரகசியமாக வெளியேறியபோது, ஆளில்லாமலே சுடும் துப்பாக்கியொன்றை ஓர் ஆஸ்திரேலியச் சிப்பாய் அமைத்தார். மேல் டின்னிலிருந்து சொட்டும் நீர் கீழ் டின்னை நிறைக்கும். அது கனத்துக் கீழே விழும்போது அதில் கட்டிய கயிறு துப்பாக்கியின் விசையை இழுக்கும். குழியில் ஆளிருப்பதாக எதிரியை எண்ணச் செய்தது வெறும் நீர்ச்சொட்டு.

பிரான்சிலோ நிலைமை இன்னும் பின்னோக்கிச் சென்றது. இரவில் எதிரியின் குழிக்குள் ஓசையின்றிப் புகுவோருக்கு நீண்ட ரைபிள் இடையூறாயிற்று. படையின் தச்சர்கள் உருட்டுக் கட்டைகளில் ஆணிகளை அறைந்து கொடுத்தனர். மண்வெட்டியின் விளிம்பைத் தீட்டிப் போர்க்கருவியாக்கினர். இரண்டாயிரம் கஜத்துக்கு அளவு குறித்த துப்பாக்கியுடன் போருக்கு வந்தவன், ஆதிமனிதனின் தடியை ஏந்தினான்! 1918-இல் ஜெர்மானியர் 'பெர்க்மன்' என்ற சிறு இயந்திரத் துப்பாக்கியைத் தம் தாக்குதல் குழுக்களுக்குக் கொடுத்தனர். கைத்துப்பாக்கித் தோட்டாவை மழைபோல் பொழிந்த அதன் கூட்டில் 32 தோட்டாக்கள். அதன் பயனோ நூறு இருநூறு கஜத்துக்குள்தான். நெடுந்தொலைவுக்கெனத் தொடங்கிய நூற்றாண்டின் அறிவு, நெருங்கி நின்று கொல்வதில் வந்து முடிந்தது.

இரு சகோதரர்

திராஹ் பள்ளத்தாக்கை நாம் மேலே குறிப்பிட்டோம். தம்டம் குண்டு சோதிக்கப்பட்ட அதே அஃப்ரீதி மக்களிடையே பிறந்த சகோதரர் இருவர் 1915-இல் பிரிட்டிஷ் சீருடையில் பிரான்சின் போர்முனையில் இருந்தனர். இருவரும் ஜமேதார்கள். மார்ச் தொடக்கத்தில் இளையவர் மீர் மஸ்த், அஃப்ரீதித் தோழர் சிலருடன் நடுநிலத்தைக் கடந்து ஜெர்மானியரிடம் சென்றுவிட்டார். உதுமானிய கலீஃபா எதிர்த்தரப்பில் இருந்த காலம் அது. ஏப்ரல் 26 அன்று, நச்சுப்புகை சூழ்ந்த ஈப்பர் களத்தில், அண்ணன் மீர் தஸ்த், மேலதிகாரிகள் வீழ்ந்தபின் எஞ்சியவரைத் திரட்டி நின்றார். குண்டுமழையிடையே பிரிட்டிஷ், இந்திய அதிகாரிகள் எட்டுப் பேரைத் தூக்கிவர உதவினார். விக்டோரியா சிலுவையை அவருக்கு மன்னரே பிரைட்டன் நகர அரண்மனை மருத்துவமனையில் அணிவித்தார்.

இவர்களில் யார் சரி, யார் பிழை என்று தீர்ப்புக் கூறுவது எளிதன்று. உப்பிட்டவனுக்கு உண்மையாக இருத்தல் ஒருபுறம். தன் மண்ணையும் உம்மத்தையும் பற்றிய உணர்வு மறுபுறம். அதே ஆண்டு பிப்ரவரியில் சிங்கப்பூரில் 5-ஆம் இலகு காலாட்படையின் முஸ்லிம் சிப்பாய்கள், துருக்கியரை எதிர்க்கத் தங்களை அனுப்பப் போகிறார்கள் என்ற அச்சமும் சேர்ந்து, கிளர்ந்தெழுந்தனர். அவர்களில் 47 பேர் சுட்டுக் கொல்லப்பட்டனர். பொதுமக்கள் கூடிப் பார்க்கும்படி சிறைமதிலுக்கு எதிரே நிறுத்திச் சுடப்பட்டனர். துப்பாக்கியைக் கொடுத்தவர்கள், அதைப் பிடிக்கும் கைக்குள் ஒரு மனம் இருப்பதைக் கணக்கில் கொள்ளவில்லை.

1915 மார்ச்சில் நெவ்-சாபெல் களத்தில் மட்டும் இந்தியப் படையினர் நாலாயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டும் காயமுற்றும் போயினர். அதே ஊரில் 1927-இல் எழுப்பிய நினைவுச் சின்னத்தில், கல்லறை அறியப்படாத இந்தியர் 4,700 பேருக்கு மேற்பட்டோரின் பெயர்கள் பொறிக்கப்பட்டுள்ளன. இங்கிலாந்து மருத்துவமனைகளில் மரித்த முஸ்லிம் சிப்பாய்களுக்கென வோக்கிங் பள்ளிவாசலுக்கு அருகில் 1917-இல் தனி அடக்கத்தலம் அமைக்கப்பட்டது.

திரும்பி வந்த துப்பாக்கி

போர் முடிந்தது. துப்பாக்கிகள் இந்தியாவுக்குத் திரும்பின. 1919 ஏப்ரல் 13 அன்று அமிர்தசரஸ் ஜலியன்வாலா பாக்கில் ஜெனரல் டயர் 50 ரைபிள்காரர்களை நிறுத்தினார். சுட்டவர்கள் கூர்க்காக்களும் இந்தியச் சிப்பாய்களுமே. பத்து நிமிடம், 1,650 தோட்டாக்கள், அரசின் கணக்கின்படியே 379 உயிர்கள். அவர்களில் சீக்கியர், இந்து, முஸ்லிம் என அனைவரும் உண்டு. நாம் ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஆளுக்கு 33 தோட்டா; நிமிடத்துக்கு மூன்றே தோட்டா. பதினைந்து முறை சுடப் பயின்ற கைகள் மூன்று முறையே சுட்டன என்றால், அது பதற்றத்தில் நேர்ந்த செயலன்று. கூட்டம் அடர்ந்த பக்கம் பார்த்து, நிறுத்தி, குறிவைத்து, ஆணைப்படி நடந்த காரியம். பிரான்சில் பேரரசைக் காத்த ரைபிள், பைசாகி நாளில் நிராயுதபாணிகளை நோக்கிற்று.

பதினொரு ஆண்டு கழித்து, 1930 ஏப்ரல் 23 அன்று, பெஷாவரின் கிஸ்ஸா கவானி கடைவீதியில் மீண்டும் அதே காட்சி அரங்கேற இருந்தது. கான் அப்துல் கஃபார் கானின் குதாயி கித்மத்கார்கள் அங்கே திரண்டிருந்தனர். துப்பாக்கியைத் தொட்டிலிலிருந்தே அறிந்த பட்டாணியர், அதைக் கீழே வைத்துவிட்டு வெறுங்கையுடன் வந்திருந்தனர். அவர்களுக்கு எதிரே கார்வால் ரைபிள்ஸ் படை நிறுத்தப்பட்டது. 1915-இல் நெவ்-சாபெலில் பயனெட்டும் குண்டும் ஏந்தி முன்சென்று உயிர் நீத்து விக்டோரியா சிலுவை பெற்ற கப்பர் சிங் நேகியின் படைப்பிரிவு அது. சுடும்படி ஆணை பிறந்தது. சந்திர சிங் கார்வாலியும் அவருடைய தோழர்களும் மறுத்துவிட்டனர். மலைநாட்டு இந்துச் சிப்பாய்கள், ஆயுதமற்ற முஸ்லிம் மக்களைச் சுடமாட்டோம் என்று நின்றனர். வேறு படைகள் அன்று அந்த வீதியில் இரத்தம் சிந்தச் செய்தன என்பது உண்மை. மறுத்தவர்கள் படை நீதிமன்றத்தின் முன் நின்று நீண்ட சிறைவாசம் ஏற்றனர் என்பதும் உண்மை. ஆனால் அன்று அவர்களின் ரைபிள்கள் பேசவில்லை.

தம்டம் ஆலையில் நுனி திறந்த குண்டிலிருந்து தொடங்கிய நம் பயணம் இங்கே நிற்கிறது. கருவிகளின் வரலாற்றை எழுதுவோர் அலகின் நீளத்தையும் குழலின் துளையையும் திரி எரியும் விநாடியையும் துல்லியமாகக் குறிக்கின்றனர். அவை தேவையே. ஆயினும் அந்தப் பட்டியலில் ஓர் இடம் எப்போதும் காலியாகவே இருக்கிறது. துப்பாக்கியைச் செய்தவன் பொறியை அமைத்தான். அரசு ஆணையை அமைத்தது. சட்டம் யார் மனிதன், யார் அல்லன் என்று வரம்பு வகுத்தது. இத்தனைக்குப் பிறகும் விசையின்மேல் வைத்த விரல் ஒரு மனிதனுடையதாகவே எஞ்சியது. அந்த விரலுக்குரியவன் எதிரே நிற்பவனை மனிதனாகக் கண்டுகொண்ட நாளில், பேரரசின் கையிலிருந்த மிகச் சிறந்த ரைபிளும் நான்கு கிலோ இரும்பும் மரமுமாகவே நின்றது. நம் பிள்ளைகளுக்குப் போர் வரலாற்றைச் சொல்லும்போது, குதாதாத் கானின் உறுதியைச் சொல்லுவோம். மீர் தஸ்தின் துணிவைச் சொல்லுவோம். சந்திர சிங்கின் மறுப்பையும் சேர்த்தே சொல்லுவோம்.